இரண்டு தட்டு

தர்மூஜிக்குப் பேய் வேலை. கேலிக்குச் சொல்லவில்லை, உண்மையாகவே அதுதான் வேலை. பிணத்துக்குச் சுற்றும் வெள்ளைத் துணியைத் தலை முதல் கால் வரை சுற்றி, உச்சியில் ஒரு முடிச்சு, கழுத்தில் ஒரு முடிச்சு, கணுக்காலில் ஒரு முடிச்சு என்று கட்டிய கட்டோடு குதித்துக் குதித்து வருமே போச்சோங் பேய், அதுவாக 'நடுக்கம்' என்ற யூடியூப் சானலில் நாலு வருஷமாக நடித்துக்கொண்டிருந்தான். இந்தோனேசியாவின் பூர்வொகெர்த்தோ வட்டாரத்தில் பாழடைந்த சர்க்கரை ஆலை, மூடிக்கிடக்கும் கிடங்கு, தண்டவாளம் பிடுங்கிய ரயில் நிலையம் என்று மனிதர்கள் போகக் கூசும் இடங்களிலெல்லாம் அவன் குதித்திருக்கிறான். ஜாவாவில் பாதிப்பேர் அவனைப் பார்த்து அலறியிருப்பார்கள். ஒருத்தருக்கும் அவன் முகம் தெரியாது.

சானலின் முகம் ஹந்தோகோ. இருவரும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. ஹந்தோகோ கையில் டார்ச்சும் வாய் நிறையப் பிரார்த்தனையுமாக இருட்டுக்குள் நடப்பான். "நண்பர்களே, முதுகுத்தண்டு சில்லிடுது, இங்க என்னமோ இருக்கு" என்பான். அந்த என்னமோ தர்மூஜி. சந்தைக்குப் போனால் ஹந்தோகோவைச் சுற்றிச் செல்ஃபிக்குக் கூட்டம் கூடும். கூட்டத்தைப் படம் எடுத்துக் கொடுக்கச் சொல்லி யாராவது தர்மூஜி கையில் போனைத் திணிப்பார்கள். அவனும் எடுத்துக் கொடுப்பான்.

துணிக்குள் இருப்பவனுக்குக் கண் தெரியாது, காதும் சரியாகக் கேட்காது. கை இரண்டும் உள்ளே கட்டுண்டு கிடக்கும். எப்போது நடிக்க வேண்டும், எப்போது நிறுத்த வேண்டும் என்று எப்படித் தெரிந்துகொள்வது? வேலை தொடங்கிய முதல் நாளே ஹந்தோகோ அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தான். தோளில் இரண்டு தட்டு. தட்டினால் படம் நன்றாக வந்துவிட்டது, பேய் வேலை முடிந்தது என்று அர்த்தம். அதன் பிறகு முடிச்சை அவிழ்ப்பதும் ஹந்தோகோதான். அந்த இரண்டு தட்டு விழாதவரை தர்மூஜி நிறுத்த மாட்டான். ஒருமுறை காலில் எறும்புப் புற்று. உயிர் போகிற கடி. தட்டு விழும்வரை குதித்தான். அந்த வீடியோவில் பேயின் துள்ளல் தத்ரூபமாக இருப்பதாகக் கமெண்ட்டில் புகழ்ந்து தள்ளினார்கள்.

"ஒரு நாள் உன் முகத்தைக் காட்டுவேன்டா" என்று ஹந்தோகோ சொல்லிக்கொண்டே இருந்தான். ஒவ்வொரு நோன்புப் பெருநாளுக்கும் சொன்னான். தர்மூஜியும் நம்பிக்கொண்டே இருந்தான். அவனுக்குச் சம்பளத்தைவிட அந்த வாக்குதான் பெரிதாக இருந்தது. மகள் கினாசி மூன்றாம் வகுப்பு. அப்பா 'நடுக்கம்' சானலில் இருக்கிறார் என்று அவள் சொன்னால் பிள்ளைகள், "எங்க, காட்டு பார்ப்போம்" என்பார்களாம். பேய்தான் அப்பா என்று வெளியே சொல்லக்கூடாது, தொழில் ரகசியம். குழந்தை எதைக் காட்டும்? பொய் சொல்கிறாள் என்று சிரித்துவிட்டுப் போவார்கள்.

மனைவி வெனிங்குக்கு அந்தத் துணியைக் கண்டாலே பிடிக்காது. ஆனால் தைத்ததும் அவள்தான், துவைப்பதும் அவள்தான். பிணத்துணியை வாசலில் காயப்போட முடியுமா? படுக்கையறைக்குள் கயிறு கட்டி, கதவைச் சாத்திக் காயப்போடுவாள். பள்ளிக்கூட வாசலில் தெம்பே என்ற சோயா வில்லையைப் பொரித்து விற்பவள். "என் எண்ணெய் வாடை உங்க பேய்மேல அடிக்குது மஸ். பாக்குறவங்க பயப்படுறதுக்குப் பதிலா பசியெடுத்துடப் போறாங்க" என்று கிண்டல் செய்வாள். கணவனை அவள் மஸ் என்றுதான் கூப்பிடுவாள்.

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டி போன வருஷம் மக்கர் செய்தது. ஊருக்கு ஊர் பேய் சானல் முளைத்துவிட்டது. ஒருத்தன் சவக்குழிக்குள் படுத்துக்கொண்டு நேரலை செய்கிறான், இன்னொருத்தன் கிணற்றுக்குள் இறங்குகிறான். 'நடுக்கம்' வீடியோக்களின் கீழே "எல்லாம் செட்டப்", "அரைச்ச மாவு" என்று எழுத ஆரம்பித்தார்கள். ஹந்தோகோவுக்குத் தூக்கம் போயிற்று. ஒரு நாள் வந்து, கி சுரோ சமாதியில் எடுக்கலாம் என்றான்.

கி சுரோ என்பவர் காடு வெட்டி அந்த ஊரை உண்டாக்கினவர். ஆலமரத்தடியில் அவர் சமாதி. கல்யாணம் என்றாலும் புது வண்டி என்றாலும் முதலில் அங்கே போய்ச் சொல்லிவிட்டுத்தான் மறுவேலை. அறுவடை முடிந்ததும் ஊரே அங்கே பாய் விரித்து, கோபுரமாகக் குவித்த மஞ்சள் சோற்றைப் பங்கு போட்டுச் சாப்பிடும். அந்தக் கல்மீது போச்சோங் உட்கார வேண்டும் என்றான் ஹந்தோகோ. மரத்தடியில் நிற்கிறேன், கல்மேல் வேண்டாம் என்று தர்மூஜி எவ்வளவோ சொல்லிப் பார்த்தான். "கி சுரோ கோவிச்சுக்க மாட்டாரு, நம்ம ஊர்ப் பசங்கதானே" என்று தோளில் கைபோட்டுப் பேசியே ஹந்தோகோ கரைத்துவிட்டான். கட்டிய பிறகு தூக்கிக் கல்மேல் உட்கார வைத்ததும் அவனேதான். கட்டுக்குள் இருப்பவன் இறங்கி ஓடவா முடியும்?

வீடியோ பிய்த்துக்கொண்டு போயிற்று. கூடவே வினையும் வந்தது. கல்லையும் மரத்தையும் ஊர்க்காரர்கள் அடையாளம் கண்டுகொண்டார்கள். யாரோ கி சுரோவின் தலைமேல் பிணத்துணியோடு உட்கார்ந்திருக்கிறான் என்று ஊர் கொதித்தது. கிராமத் தலைவரைப் பாக் லூரா என்பார்கள். அவர் வீட்டு வாசலில் கூட்டம் கூடியது. தர்மூஜி இரண்டு நாள் வெளியே தலைகாட்டவில்லை. மூன்றாம் நாள் காலையில் ஹந்தோகோ சிரித்த முகமாக வந்து சேர்ந்தான்.

"முஜி, உன் நேரம் வந்துடுச்சுடா."

"போலீஸா?"

"மூஞ்சிடா, மூஞ்சி. உன் மூஞ்சிய உலகத்துக்குக் காட்டப் போறேன்."

விஷயம் இதுதான் என்று விளக்கினான். பாக் லூராவிடம் பேசி எல்லாம் சரிக்கட்டியாகிவிட்டது. அவரே 'நடுக்கம்' ரசிகர். இந்தக் கோபத்தையே ஒரு கதையாக்கிவிடலாம் என்று அவரும் ஒப்புக்கொண்டுவிட்டார். 'பேய் பிடிபட்டது' என்று தலைப்பு. ஊர் அலுவலகத்தில், ஜனங்களுக்கு முன்னால், பேய் மன்னிப்புக் கேட்கிற மாதிரி எடுப்போம். இந்தோனேசியாவில் வம்பில் மாட்டிய ஒவ்வொருத்தனும் உட்கார்ந்து தலையைக் குனிந்து மன்னிப்பு வீடியோ போடுகிறானே, அதே மாதிரி.

"பழி முழுக்க நீ ஏத்துக்கறே. நாங்கல்லாம் நெஜமாவே பேய் தேடித்தான் போனோம், நீதான் எங்களுக்கும் தெரியாம துணியச் சுத்திக்கிட்டு ஏமாத்தினேன்னு சொல்றே. ஜனம் உன்ன வாய்க்கு வந்தபடி திட்டும். திட்டட்டும். ரெண்டாம் பாகத்துல நான் வந்து உண்மையச் சொல்லி, உன்னக் கட்டிப்புடிச்சு அழறேன். மொத்தத் தேசமும் உருகிடும். அப்புறம் நீ கதாநாயகன்டா."

அடுப்படியிலிருந்து வெனிங் எட்டிப் பார்த்தாள். பாக் லூரா எப்போதிலிருந்து நடிக்க ஆரம்பித்தார் என்று கேட்டாள்.

"எலெக்‌ஷன்ல எத்தன தடவை அழுதிருக்காரு, அவருக்கு நாம சொல்லிக் கொடுக்கணுமா?" என்றான் ஹந்தோகோ. தர்மூஜி விழுந்து விழுந்து சிரித்தான். வெனிங் சிரிக்கவில்லை.

வசனம் எழுதித் தரவா என்று ஹந்தோகோ கேட்டதற்கு, வேண்டாம், என் வார்த்தையிலேயே சொல்கிறேன் என்று தர்மூஜி சொல்லிவிட்டான். நாலு வருஷம் வாயே திறக்காமல் நடித்தவனுக்கு முதல் வசனம். அதை இரவல் வாங்குவானா? கண்ணாடி முன்னால் நின்று அழுது பழகினான். கினாசி பக்கத்தில் உட்கார்ந்து, இன்னும் கொஞ்சம் உதட்டைப் பிதுக்குங்கள் அப்பா என்று திருத்தம் சொன்னாள். கல்யாணத்துக்குப் போட்ட பாத்திக் சட்டையை வெனிங் இஸ்திரி போட்டுக் கொடுத்தாள்.

ஊர் அலுவலகத்தில் நல்ல கூட்டம். பாக் லூரா முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிரமாதம் என்று நினைத்தான் தர்மூஜி. ஹந்தோகோ ஒரு ஓரமாகப் போனைத் தாங்கியில் நிறுத்திவிட்டுக் கண்ணைக் காட்டினான். தர்மூஜி நடுவில் போய் உட்கார்ந்தான். வாழ்க்கையில் முதல்முறையாகக் கேமரா அவன் முகத்தைப் பார்த்தது. அந்தச் சந்தோஷத்திலேயே அவனுக்குக் கண் கலங்கிவிட்டது.

கொட்டித் தீர்த்தான். பேராசையால் செய்தேன் என்றான். என் நண்பன் ஹந்தோகோ என்னை உடன்பிறப்பு மாதிரி நம்பினான், அவனுக்கு எதுவும் தெரியாது, அவனையும் கழுத்தறுத்தேன் என்றான். கி சுரோவின் கல்மீது என் சொந்த புத்தியில்தான் ஏறி உட்கார்ந்தேன் என்றபோது குரல் உடைந்தது. அது மட்டும் நடிப்பில்லை. கூட்டத்தில் முனகல் எழுந்தது. அரிசி ஆலையில் மூட்டை தூக்கும் கஸ்தி விருட்டென்று எழுந்து வந்து அவன் கன்னத்தில் ஒரு அறை விட்டான். காது ரீங்கரித்தது. கஸ்திக்குள் இப்படி ஒரு நடிகன் இருக்கிறானா என்று வலியோடு வலியாக வியந்துகொண்டே, கேமராவுக்குத் தோதாக அடுத்த கன்னத்தையும் திருப்பி வைத்தான்.

இந்த வருஷம் கி சுரோ விருந்துக்கு இவனும் இவன் வீட்டாரும் வரக்கூடாது என்று பாக் லூரா சொன்னார். தர்மூஜி தலையை இன்னும் தாழ்த்தினான். அப்படியே தோளைக் கொடுத்துக் காத்திருந்தான். இரண்டு தட்டுக்காக.

தட்டு விழவில்லை. கூட்டம் கலைகிற சத்தம் கேட்டது. நாற்காலிகள் நகர்ந்தன. இன்னும் நீட்டி எடுக்கிறான் போலிருக்கிறது என்று நினைத்தான். வெளியே ஹந்தோகோவின் ஸ்கூட்டர் கிளம்புகிற சத்தம் கேட்டபோதுதான் நிமிர்ந்தான். தாங்கியும் இல்லை, போனும் இல்லை. கஸ்தி வாசலில் நின்று கிராம்பு சிகரெட் பற்றவைத்துக்கொண்டிருந்தான். தர்மூஜி கன்னத்தைத் தடவிக்கொண்டே போய்ச் சிரித்தான்.

"அடி சரியா வுழுந்துச்சு கஸ்தி. வீடியோவுல சூப்பரா வந்திருக்கும்."

கஸ்தி அவனை மேலும் கீழும் பார்த்தான். "எங்கப்பனக் கி சுரோ காலடியிலதான்டா பொதச்சிருக்கேன்" என்றான். காறித் துப்பிவிட்டுப் போய்விட்டான்.

அந்த எச்சில் செருப்பின் பக்கத்தில் விழுந்து கிடந்தது. அதைப் பார்த்தபோதுதான் தர்மூஜிக்குப் புரிந்தது. அந்த அறையில் நடித்தது அவன் ஒருத்தன்தான். மற்ற எல்லோருக்கும் அது நிஜம். போலீஸில் புகார் கொடுக்கட்டுமா, இல்லை குற்றவாளியைக் கொண்டுவந்து நிறுத்துகிறாயா என்று பாக் லூரா ஹந்தோகோவிடம் கேட்டிருக்கிறார். ஹந்தோகோ கொண்டுவந்து நிறுத்திவிட்டான். சட்டை இஸ்திரி போட்டு, அழப் பழகி, தானாகவே நடந்து வந்த பலிகடா.

'எங்களை நாலு வருஷம் ஏமாற்றிய நண்பன்' என்று அன்று மாலையே வீடியோ வந்தது. முகப்புப் படத்தில் தர்மூஜியின் முகம், மூக்கு ஒழுக, பெரிதாக. சானலில் அதுவரை எதையும் அத்தனை பேர் பார்த்ததில்லை.

இரண்டு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டுத் தர்மூஜி ஹந்தோகோ வீட்டுக்குப் போனான். ஹந்தோகோ கதவைச் சாத்திக்கொள்ளவில்லை, உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்துக் காப்பி கொடுத்தான். அதுதான் தர்மூஜிக்கு இன்னும் எரிந்தது.

"ரெண்டாம் பாகம் எங்கடா?"

"வரும்டா. சூடு ஆறட்டும்."

"எம்பொண்டாட்டி புள்ள தெருவுல நடக்க முடியல."

"நான் என்ன எழுதியா கொடுத்தேன்? எல்லாம் உன் சொந்த வார்த்தைதானே? அழச் சொன்னேன். இவ்ளோ நல்லா அழுவேன்னு எனக்கே தெரியாது, முஜி" என்று உண்மையான வியப்போடு சொன்னான்.

அடிக்க ஓங்கிய கை அடிக்காமலே இறங்கியது. பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்து சோற்றைப் பங்கு போட்டுத் தின்றவனை எங்கே அடிப்பது என்று கைக்கே தெரியவில்லை.

அதற்குப் பிறகு ஊரில் அவன் முகம் தெரியாதவர்கள் இல்லை. கேட்ட வரம் கிடைத்துவிட்டது. வெனிங்கின் தெம்பேயை வாங்க ஆளில்லை. பிணத்துணி துவைத்த கை என்று பெற்றோர்கள் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு போனார்கள். கினாசிக்கு இனி காட்ட வீடியோ இருந்தது. அவள் பள்ளிக்கூடம் போகமாட்டேன் என்று போர்வைக்குள் படுத்துக்கொண்டாள். பேருந்தில் முன்பின் தெரியாதவர்கள், அந்த அழுகையை ஒருமுறை அழுது காட்டு என்று போனை நீட்டினார்கள். தர்மூஜி கண்ணாடி இறக்கிய ஹெல்மெட்டோடு கடைக்குப் போக ஆரம்பித்தான். முகத்தைக் காட்ட நாலு வருஷம் ஏங்கியவனுக்கு, மூடிக்கொள்ள இப்போது ஒரு துணி தேவைப்பட்டது.

அறுவடை முடிந்தது. ஊர் விருந்துக்குப் போயிற்று, இவர்கள் வீட்டில் இருந்தார்கள். சில வாரங்கள் கழித்து ஹந்தோகோ ஆள் அனுப்பினான். புதுப் பேயாக அவன் மைத்துனனைப் போட்டிருந்தான். அவனுக்குக் குதிக்க வரவில்லை, மூட்டை உருள்கிற மாதிரி இருக்கிறது என்று ஜனம் சிரிக்கிறது. சர்க்கரை ஆலையில் பெரிய நேரலை வைத்திருக்கிறேன், வந்துவிடு, துணிக்குள் நீ என்று யாருக்குத் தெரியப் போகிறது என்று சொல்லியனுப்பினான். போகமாட்டேன் என்று சொல்ல வாயெடுத்தான் தர்மூஜி. வெனிங் தடுத்தாள்.

"போங்க மஸ். நேரலைதானே? அத வெட்டவும் முடியாது, ஒட்டவும் முடியாது."

அன்று பகலெல்லாம் உட்கார்ந்து பழைய துணியைப் பிரித்துத் தைத்தாள். முன்பக்கத் தையலை மட்டும் ஒற்றை நூலில் விட்டாள். உள்ளே கையை விரித்தால் முகத்திலிருந்து இடுப்புவரை திறந்து, கழுத்து முடிச்சும் நெகிழ்ந்துவிடும். தலையை வெளியே எடுத்துவிடலாம். அக்கம்பக்கத்துப் பெண்களை அவளே வீடு வீடாகப் போய்க் கூப்பிட்டாள். கஸ்தியின் மனைவியையும் கூப்பிட்டாள். ஒரே ஒருமுறை வந்து என் போனில் பாருங்கள், அதன்பிறகு எங்களோடு பேசவே வேண்டாம் என்றாளாம். வருகிறோம் என்றார்கள்.

அந்தி மக்ரிபு தொழுகை முடிந்த நேரம். ஆலையின் பழைய கொதிகலன் கூடத்தில் ஹந்தோகோ முடிச்சுகளைப் போட்டான். போடும்போது பழையபடி கேலி பேசினான், கொஞ்சம் இளைத்துவிட்டாய் என்றான். இத்தனைக்கும் பிறகு அந்தக் கை முடிச்சுப் போடும்போது தர்மூஜியின் உடம்பு பயமில்லாமல் நின்றது. அதற்காகத் தன்மேலேயே அவனுக்கு வெறுப்பு வந்தது.

நேரலை ஆரம்பித்தது. குதித்தான். ஹந்தோகோவின் அலறல் துணிக்கு வெளியே மங்கலாகக் கேட்டது. விளக்கு வெளிச்சம் துணியில் நேராக விழுந்த இடத்தில் நின்று, இரண்டு கையையும் பலமாக விரித்தான். நூல் அறுந்தது. துணி இரண்டாகப் பிளந்தது. தலையை வெளியே எடுத்துக் கேமராவைப் பார்த்தான்.

"நான் தர்மூஜி. கி சுரோ கல்லுமேல என்னக் கட்டித் தூக்கி ஒக்கார வச்சது இந்த ஹந்தோகோ. ஊர் ஆபீஸ்ல நான் சொன்னது நாடகம்னு நெனச்சுச் சொன்னது. இவன்தான் சொல்லச் சொன்னான். வெனிங், கினாசி, அங்க ஒக்காந்து கேக்கற எல்லாரும் கேளுங்க. இது செட்டப் இல்ல."

போன் திரையில் கமெண்ட்டுகள் மழையாக ஓடின. ஹந்தோகோ அதைப் பார்த்தான், தர்மூஜியைப் பார்த்தான், அவன் கண்ணில் மளமளவென்று தண்ணீர் வந்தது. போனைத் தாங்கியில் சொருகிவிட்டு வந்து தர்மூஜியை இறுகக் கட்டிக்கொண்டான்.

"நண்பர்களே, பாருங்க. ஊரே ஒதுக்கின ஆள நான்தான் மன்னிச்சு வேல கொடுத்தேன். பாவம், குத்த உணர்ச்சியில புத்தி பேதலிச்சுப் போயிருக்கு. நடிப்பு எது நெஜம் எதுன்னு அவனுக்கே தெரியல. திட்டாதீங்க. எனக்காக இவன மன்னிச்சிடுங்க. என் தம்பிய்யா இவன்."

திரையில் ரோஜாப் பூக்களும் இதயங்களும் பொங்கி வழிந்தன. கேட்ட இரண்டாம் பாகம் வந்துவிட்டது. தர்மூஜி கத்தினான், கத்தல் ஹந்தோகோவின் தோளுக்குள் அமுங்கிப் போயிற்று. அங்கே வீட்டில் பாயில் உட்கார்ந்து பார்க்கிற பெண்களை நினைத்தான். கஸ்தியின் மனைவி முக்காட்டு நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஹந்தோகோ மாதிரி ஒரு மனுஷன் உண்டா என்று சொல்வதை அவனால் இங்கிருந்தே கேட்க முடிந்தது. இவன் என்னைக் கொல்லுகிறான், எல்லோரும் பூப் போடுகிறார்கள் என்று சொல்ல வாயைத் திறந்தான்.

அப்போது அவன் தோளில் ஹந்தோகோவின் கை தட்டியது. மெதுவாக, பிரியமாக, இரண்டு தட்டு.

தர்மூஜியின் உடம்பு சட்டென்று அடங்கியது. திறந்த வாய் தானாக மூடிக்கொண்டது. இனி ஹந்தோகோ முடிச்சை அவிழ்ப்பான் என்று அவன் அசையாமல் நின்றான்.